மாப்பிள்ளைக் காரின் விக்கல்

துப்பாக்கி ஒன்று தன்னை நோக்கித் திரும்பும்போது ஒரு மனிதனுக்கு என்ன ஞாபகம் வரும்? எனக்கு வந்தது இது: வேலியில் காயப் போட்ட சாரனை இனி யார் எடுத்து மடித்து வைப்பார்கள்?

தொண்ணூறுகளின் பின்பாதியில் ஒரு புதன்கிழமை. பின்னேரம், அஸர் தொழுகைக்குப் பாங்கு சொல்லி முடிந்த நேரம். சம்மாந்துறையில் கலியாணக் கார்ட் கொடுத்துவிட்டுக் கல்முனைக்குடிக்குத் திரும்பிக்கொண்டிருந்தேன். வழியில் ஒரு சென்றி, ஆமிக்காரர்களின் சோதனைச் சாவடி. அந்நாட்களில் எங்கள் பக்கத்து வீதிகளில் சென்றி இல்லாத இடத்தைத்தான் தேட வேண்டும். தார்ப் பீப்பாய்களை முன்பின்னாக வைத்திருப்பார்கள். நடக்கிற வேகத்துக்கு இறங்கி, அவற்றுக்கிடையே வளைந்து வளைந்து போக வேண்டும்.

நானும் இறங்கினேன். அக்சிலேட்டரில் கால் பட்டும் படாமலும் இருந்தது.

கார் ஒரு தடவை விக்கியது. இன்னொரு தடவை விக்கியது. பிறகு மூச்சடங்கியது போல் அமுங்கிற்று. பயத்தில் காலைக் கொஞ்சம் அழுத்தினேன். கயிறறுத்த கன்று மாதிரி முன்னே பாய்ந்தது.

சிப்பாய் துப்பாக்கியை உயர்த்தினார். நான் இரண்டு கைகளையும் உயர்த்தினேன். மிகச் சரியான காரியம்தான், கார் நின்றிருந்தால். ஸ்டியரிங்கில் கையில்லாத கார் தன்பாட்டுக்கு உருண்டுபோய், ஒரு பீப்பாயில் மெல்ல முட்டி நின்றது.

அடையாள அட்டை கேட்டார். எடுத்துக் கொடுத்தேன். அவர் அதைத் திருப்பிப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மறுபடியும் அதைப் பார்த்தார். நான் கொடுத்தது கலியாணக் கார்ட். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை தனக்கு லீவு கிடைக்காது என்று சைகையில் சொன்னார்.

அவரும் இன்னொருவரும் சேர்ந்து தள்ளியதில் கார் மறுபடி உயிர் பெற்றது. வீடு வந்து சேரும்வரை என் முழங்கால்கள் தங்களுக்குள் கதைத்துக்கொண்டே வந்தன.

(சென்ற இதழில் என் பல் பிடுங்கிய கதையைப் படித்துவிட்டு, ‘நீர் எதற்குத்தான் பயப்படாதவர்?’ என்று ஒரு வாசகர் தபாலட்டை போட்டிருக்கிறார். நானும் உட்கார்ந்து யோசித்தேன். இதுவரை வட்டிலப்பம் மட்டும்தான் ஞாபகத்துக்கு வருகிறது.)

லெவ்வை மச்சானின் கால்

அந்தக் கார் என்னுடையது அல்ல. என் தங்கை பரீதாவின் கணவர் லெவ்வை மச்சானுடையது. ஜப்பானில் யாரோ ஓட்டிக் கழித்து, கப்பலேறிக் கொழும்புக்கு வந்து, அங்கிருந்து எங்கள் ஊருக்கு வந்த வெள்ளைக் கார். காபரேட்டர் இல்லாமல் கம்பியூட்டர் வைத்துப் பெற்றோல் அடிக்கிற சாதி. அப்படி ஒன்றை எங்கள் தெருவில் அதற்கு முன்னர் யாரும் கண்டதில்லை.

எங்கள் பக்கத்தில் பெண் வீட்டை விட்டுப் போவதில்லை. மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வருவார். தலைப்பாகையும் மாலையுமாக அவரைக் காரில் வைத்து, முன்னால் ஆட்கள் பைத் என்கிற புகழ்ப் பாட்டைப் பாடிக்கொண்டு நடக்க, கார் பின்னால் ஊர்ந்து வர வேண்டும். ஊர்வது என்றால் உண்மையாகவே ஊர்வது. நடக்கிறவர்களின் செருப்பில் டயர் படவும் கூடாது, கார் நிற்கவும் கூடாது.

அதில் மச்சானை அடிக்க ஆளில்லை. ஏறக்குறையப் பத்து வருடம் எங்கள் ஊரின் மாப்பிள்ளைகளில் முக்கால்வாசிப் பேரை அவர்தான் கொண்டு போய் இறக்கினார். ஊரில் அந்த வண்டிக்கு ‘மாப்புள்ளக் கார்’ என்றே பெயர். ஒரு தடவை பொனட்டின் மேல் வட்டிலப்பத் தட்டு ஒன்றை வைத்துக்கொண்டு தெரு நீளத்துக்கு ஓட்டிக் காட்டினார். தட்டு விழவில்லை. முடிவில் அதை நான் சாப்பிட்டேன்; ஆகவே கண்கண்ட சாட்சி.

“வேகமா ஓட்ட எந்தக் கழுதைக்கும் ஏலும் மச்சான்,” என்பார். “பைய ஓட்டத்தான் ஆள் வேணும்.”

இந்தக் கதைக்கு இரண்டு வருடத்துக்கு முன்பு, ஒரு நாள் லுஹர் தொழுதுவிட்டு வந்தவர் கதிரையில் சாய்ந்தார், எழும்பவில்லை. அதன் பின்னர் கார் பரீதாவின் முற்றத்தில் நின்றது. கிழமைக்கு ஒரு தரம் ஸ்டார்ட் பண்ணி வைக்கிற பொறுப்பு என்னுடையது. நான் கந்தோரில் எழுதுவினைஞன். கோப்புகளை நகராமல் வைத்திருப்பதுதான் என் தொழில். வண்டியை நகர்த்துவது என் துறையே அல்ல.

அவருடைய ஒரே மகள் நஸ்லியாவுக்குச் சம்மாந்துறையில் மாப்பிள்ளை பேசி முடித்தோம். ஒரு பள்ளிக்கூட ஆசிரியர். உடுப்பு, நகை, சாப்பாடு எதைப் பற்றியும் அவள் வாய் திறக்கவில்லை. ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்.

“மாமா, மாப்புள்ள வாப்பாட கார்ல வரோணும். நீங்க ஓட்டுங்க.”

“அதுக்கென்ன மகள், இன்ஷா அல்லாஹ்,” என்றேன். எவ்வளவு இலேசாக என் வாயில் வந்தது பாருங்கள்.

பாஸ் சொன்ன தீர்ப்பு

வியாழக்கிழமை காலையே உதுமான் பாஸின் கராஜில் காரைக் கொண்டுபோய் நிறுத்தினேன். பாஸ் எங்கள் ஊரின் மூத்த மெக்கானிக். காதை பொனட்டில் வைத்தே பழுதைச் சொல்லிவிடுவார் என்று பெயர். அன்றைக்கும் வைத்தார். வெகுநேரம் வைத்திருந்தார், தூங்கிவிட்டாரோ என்று எனக்குச் சந்தேகம் வந்தது.

பிளக் மாற்றினார். பெற்றோல் பில்டர் மாற்றினார். வேகமாகப் போகையில் காருக்கு ஒரு குறையும் இல்லை. நடக்கிற வேகத்துக்கு வந்ததும் அதே விக்கல், அதே பாய்ச்சல்.

“தம்பி, இது கம்பியூட்டர்ர கோளாறு,” என்றார். “இதுக்கு ஒரே மருந்துதான். இந்த வயர் குப்பையெல்லாத்தையும் வெட்டி எறிஞ்சிட்டு ஒரு காபரேட்டரப் பூட்டுவம். ரெண்டு கிழமை தாங்க.”

“பாஸ், கலியாணம் ஞாயித்துக்கிழம.”

“அப்ப மாப்புள்ளய வேகமாக் கொண்டு வாங்க.”

சிரிக்காமல்தான் சொன்னார். பைத் பாடுகிறவர்கள் காருக்கு முன்னால் ஓடுவதை நினைத்துப் பார்த்தேன். அதில் என் மாமனாரும் இருந்தார்.

வீட்டுக்கு வந்தால், விஷயம் எனக்கு முன்னரே வந்து உட்கார்ந்திருந்தது. பக்கத்து வீட்டு மாமி கண்ணூறு என்றார். ஒரு போத்தலில் ஓதின தண்ணீரும் கையோடு கொண்டு வந்திருந்தார். அதைக் காருக்குத் தெளிக்கச் சொன்னார். நான் பதற்றத்தில், தெளித்தால் வெளியேதானே படும், உள்ளே போனால் நல்லதல்லவா என்று நினைத்து, முழுப் போத்தலையும் ரேடியேற்றருக்குள் ஊற்றினேன். எஞ்சின் சூடாகாமல் ஓடியது. விக்கல் நிற்கவில்லை.

அன்று மாலை பரீதா வந்து பக்கத்தில் நின்றாள். முக்காட்டு நுனியை விரலில் சுற்றிக்கொண்டிருந்தாள். எங்கள் பக்கத்தில் அண்ணனைக் காக்கா என்றுதான் கூப்பிடுவார்கள்.

“காக்கா, வேற காரொண்டு பாப்பம். புள்ளக்கி நான் செல்றன். அவ வெளங்கிக்குவா.”

சண்டை பிடித்திருந்தால் நானும் சண்டை பிடித்துத் தப்பியிருப்பேன். அவள் அப்படிச் சமாதானமாகச் சொன்னதுதான் பிரச்சினை. இரண்டு வருடமாக அந்தக் குடும்பம் எல்லாவற்றையும் விளங்கிக்கொண்டுதான் இருந்தது. இதையும் விளங்கிக்கொள்ளச் சொல்ல எனக்கு மனமில்லை.

“வேற கார் இல்ல,” என்றேன். “இந்தக் கார்தான். ஞாயித்துக்கிழம மாப்புள்ள இதுல வாறார்.”

சொல்லிவிட்டுக் கிணற்றடிக்குப் போய், யாரும் பார்க்காமல் முகத்தைக் கழுவினேன். வியர்த்திருந்தது.

றேடியோக்காரர்

வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்ததும் யோகராசாவைத் தேடிப் போனேன். பாண்டிருப்பைச் சேர்ந்தவர். கல்முனையில் றேடியோ, ரீவி திருத்துகிற சின்னக் கடை வைத்திருந்தார். காருக்கும் அவருக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. ஆனால் கம்பியூட்டர் கோளாறு என்று பாஸ் சொன்ன பிறகு, வயரும் கரண்டும் தெரிந்த ஆள் எனக்கு அவர் ஒருவர்தான்.

“எனக்குக் கார் ஓட்டவே தெரியாது காக்கா,” என்றார்.

“எனக்கும் தெரியாது. வாங்க.”

முள் ஆடுகிற பழைய மீட்டர் ஒன்றையும் நாலைந்து குண்டூசிகளையும் எடுத்துக்கொண்டு வந்தார். பொனட்டைத் திறக்கவில்லை. முதலில் ஆசனத்தில் ஏறி உட்கார்ந்து, ஸ்டியரிங்குக்கு முன்னால் இருந்த முகப்பை உற்றுப் பார்த்தார்.

“இதென்ன, இந்த இடத்தில கறுப்பு டேப் ஒட்டிக் கிடக்கு?”

“அது ஒரு லைட். எரிஞ்சுக்கிட்டே இருந்தது. கண்ணுக்கு இடைஞ்சல் எண்டு பாஸ் ஒட்டினார்.”

யோகராசா டேப்பை உரித்தார். உள்ளே மஞ்சளாக, எஞ்சின் படம் போட்ட லைட் எரிந்துகொண்டிருந்தது.

“காக்கா, கார் இவ்வளவு நாளும் வருத்தம் வருத்தம் எண்டு கத்தியிருக்கு. நீங்க அதுட வாய்க்குப் பிளாஸ்டர் போட்டிருக்கிறீங்க.”

அதன் பிறகுதான் பொனட் திறந்தது. எஞ்சினுக்குள் காற்றுப் போகிற வழியில் ஒரு மூடி இருக்கிறது. அக்சிலேட்டரை மிதித்தால் கேபிள் இழுத்து அது திறக்கும், விட்டால் மூடும். அந்த மூடியின் அச்சு முனையில் நெருப்புப் பெட்டி அளவில் ஒரு கறுப்புப் பெட்டி ஒட்டிக்கொண்டிருந்தது. அதிலிருந்து நாலு வயர் புறப்பட்டது. யோகராசா அதைத் தொட்டுப் பார்த்துவிட்டு, பழகின ஆளை வழியில் கண்டவர் மாதிரிச் சிரித்தார்.

“அட, இது வொலியூம் கொன்ட்ரோல்.”

“காருக்கு என்னத்துக்கு வொலியூம்?”

“றேடியோவில சத்தத்தக் கூட்டிக் குறைக்கத் திருகிறீங்களே, அதே சாமான்தான் காக்கா. நீங்க எவ்வளவு மிதிக்கிறீங்க எண்டு கம்பியூட்டருக்குச் சொல்ற வேலை இதுக்கு. அதை வெச்சுத்தான் அது பெற்றோல் அளந்து ஊத்துது.”

வயர் பூட்டின் பின்பக்கமாக இரண்டு குண்டூசிகளைச் செருகினார். மீட்டரை அவற்றில் மாட்டி, முன்கண்ணாடி ஓரமாக வைத்தார். சாவியைப் போடச் சொன்னார். எஞ்சினை ஸ்டார்ட் பண்ண வேண்டாம் என்றார். கையாலேயே மூடியைப் பையப் பையத் திறந்தார். மீட்டரின் முள் ஒழுங்காக ஏறத் தொடங்கியது. ஒரு மயிரிழை ஏறியதும் தொப்பென்று அடியில் விழுந்தது. இன்னும் கொஞ்சம் திறந்ததும் துள்ளி மேலே போய், அதன் பிறகு உச்சி வரை ஒரு தடங்கலும் இல்லாமல் ஏறியது.

மூன்று தடவை செய்தார். மூன்று தடவையும் அதே இடத்தில் விழுந்தது.

“காக்கா, ஏறி உட்காருங்க. மாப்பிள்ளையக் கொண்டு போற மாதிரிக் கால வையுங்க.”

வைத்தேன்.

“விழுந்திட்டு,” என்றார். “சரியா அந்த இடம். அந்த இடத்தில பெட்டி கதைக்கிறதில்ல. நீங்க காலை எடுத்திட்டீங்க எண்டு கம்பியூட்டர் நினைச்சுப் பெற்றோலை நிப்பாட்டுது. நீங்க பயந்து அழுத்த, திடீரெண்டு ஊத்துது.”

“ஏன் அந்த இடத்தில மட்டும்?”

“றேடியோவிலயும் அப்படித்தான். வொலியூமத் திருகக்குள்ள ஒரு இடத்தில கரகரக்கும். அந்த வீட்டுக்காரர் எப்பவும் அந்தச் சத்தத்திலதான் பாட்டுக் கேட்டிருப்பார். அந்த இடம் தேஞ்சிரும்.” பொனட்டுக்குப் பின்னாலிருந்து தலையை நீட்டினார். “இந்தக் கார் கூடுதலா எந்த வேகத்தில ஓடினது?”

பரீதா தேத்தண்ணீரோடு எப்போது வந்து நின்றாள் என்று எங்கள் இருவருக்கும் தெரியாது.

“பையத்தான் ஓடினது,” என்றாள். “பத்து வருசமா.”

தட்டை மதில் மேல் வைத்தாள். கறுப்புப் பெட்டியைக் குனிந்து பார்த்தாள்.

“அப்ப இது பழுதாகல்ல தம்பி. தேஞ்சிருக்கு.”

“ஓம் அக்கா. தேஞ்சதுதான்.”

ஆறமுன் குடிக்கச் சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

தவிட்டுக்குள் ஒரு கார்

திருத்த முடியாதா என்று கேட்டேன். றேடியோ என்றால் கழற்றித் துடைத்துக் கொஞ்ச நாள் ஓட்டலாம், இது ஒட்டிய பெட்டி, மாற்றத்தான் வேண்டும் என்றார் யோகராசா. கொழும்புக்கு போன் எடுத்தேன். சாமான் இருக்கிறது, பஸ்ஸில் போட்டு விடுகிறோம், திங்கட்கிழமை கிடைக்கும் என்றார்கள். திங்கட்கிழமை மாப்பிள்ளை மாமியார் வீட்டில் காலைச் சாப்பாடு சாப்பிட்டுக்கொண்டிருப்பார்.

அப்போதுதான் ஞாபகம் வந்தது. சம்மாந்துறையில் அரிசி ஆலை வைத்திருக்கும் ஹாஜியாரிடம் இதே மாதிரிக் கார் ஒன்று இருந்தது. முந்தின வருடம் உழவு மெஷின் ஒன்றில் மோதி முகம் நசுங்கி, ஆலைக்குப் பின்னால் கிடந்தது. எஞ்சினுக்குச் சேதம் இல்லை என்று கேள்வி. நல்ல செய்தி. கெட்ட செய்தி, ஹாஜியார் மாப்பிள்ளையின் பெரிய வாப்பா. மாப்பிள்ளையைக் கொண்டு வருகிற கார் விக்குகிறது என்று மாப்பிள்ளை வீட்டாரிடமே போய்ச் சொல்ல வேண்டும்.

சனிக்கிழமை காலை யோகராசாவைச் சைக்கிள் பாரில் ஏற்றிக்கொண்டு புறப்பட்டேன். சென்றியில் மீட்டரையும் வயரையும் குண்டூசியையும் கண்டதும் எங்களை ஓரமாக உட்கார வைத்தார்கள். வயர் என்றாலே எல்லாரும் பயந்த காலம். நான் உடனே இரண்டு கைகளையும் உயர்த்தினேன், யாரும் கேட்கவில்லை. யோகராசா அமைதியாக ஒரு டோர்ச் பற்றரியை வாங்கி, மீட்டரை வைத்து முள் ஆடுவதைக் காட்டினார். அதன் பிறகு அங்கிருந்த எல்லா டோர்ச்சுகளின் பற்றரியையும் பார்த்துக் கொடுத்துவிட்டுத்தான் வெளிக்கிட முடிந்தது.

ஆலையில் ஹாஜியார் நெல் மூட்டைகளுக்கு நடுவில் நின்றிருந்தார். வழியெல்லாம் ஒரு பொய்யைத் தயாரித்து வைத்திருந்தேன்.

“ஹாஜியார், ஒங்கட பழைய கார்ல ஒரு சின்னச் சாமான் வேணும். கந்தோர் தேவைக்கு.”

“கந்தோருக்குக் காரட சாமான் என்னத்துக்கு?”

“மாதிரிக்கு.”

“என்னத்துக்கு மாதிரி?”

என் பொய் அந்த இடத்தோடு முடிந்திருந்தது. யோகராசா கூரையில் புறா எண்ணத் தொடங்கினார்.

“தம்பி,” என்றார் ஹாஜியார், “புதன்கிழம சென்றியில பீப்பாயில மோதிட்டுக் கைய ஒசத்தினது நீதானே?”

ஊருக்குத் தெரியாதது ஒன்றுமில்லை. விஷயம் முழுவதையும் சொன்னேன். அவர் தாடியைத் தடவிக்கொண்டு கேட்டுவிட்டுச் சொன்னார்.

“எங்கட மூத்தவன அந்தக் கார்லதான் லெவ்வ கொண்டு போனார். முன்னுக்கு நடந்து போனவன் நான். பொறத்தால கார் வருதா இல்லயா எண்டு ரெண்டு தரம் திரும்பிப் பாத்தன், அவ்வளவுக்குச் சத்தமில்ல. இவனையும் அப்பிடித்தான் கொண்டு போகோணும். வேணுங்கிறதக் கழட்டிக்க, போ.”

தவிடு மூடிக் கிடந்த காரைக் கையால் துடைத்தோம். கழற்றும் முன்னரே மீட்டரின் சொந்தப் பற்றரியைக் கொண்டு யோகராசா பெட்டியைப் பரிசோதித்தார். முள் ஓரிடத்திலும் விழவில்லை. மற்ற முனையில், முழுக்க மிதிக்கிற இடத்தில் மட்டும் கொஞ்சம் நடுங்கியது.

அதற்குக் காரணம் ஹாஜியாரைக் காரில் பார்த்த எவருக்கும் தெரியும். அக்சிலேட்டரில் வைத்த அவர் கால், ஒன்று மேலே இருக்கும், இல்லாவிட்டால் தரையில் இருக்கும். நடுவில் எங்கும் தங்கியதே இல்லை. பைய ஓட்டுகிற இடம் பெட்டிக்குள் புத்தம் புதிதாக இருந்தது.

இரண்டு ஸ்க்ரூ

பெட்டியைப் பிடித்திருப்பது இரண்டே இரண்டு சின்ன ஸ்க்ரூ. பரீதாவின் முற்றத்தில் முதலாவதை யோகராசா கழற்றினார். இரண்டாவதை நான் கழற்றுவேன் என்று அடம் பிடித்தேன். எல்லாரும் ஏதோ செய்கிறார்கள், கலியாணம் என் மருமகளுடையது என்ற ஆவேசம்.

திருப்புளி வழுக்கியது. மறுபடி அழுத்தினேன், வழுக்கியது. மூன்றாம் தரம் பார்த்தபோது ஸ்க்ரூவின் தலையில் வெட்டு என்று ஒன்று இல்லை, வழவழவென்று இருந்தது. நான் தரையில் உட்கார்ந்துவிட்டேன். எனக்குத் தெரிந்த ஓதல் எல்லாம் ஓதினேன். தெரியாததும் இரண்டு ஓதினேன்.

“றேடியோ துறக்கிற திருப்புளியால காரத் துறக்கப் பாத்தா இதுதான்.”

படலையில் உதுமான் பாஸ் நின்றார். தன்னை விட்டுவிட்டு றேடியோக்காரரிடம் போனோம் என்று கோபம். வேடிக்கை பார்க்கத்தான் வந்தேன் என்றார். வேடிக்கை பார்க்க வந்தவரின் கையில் முழு ஆயுதப் பெட்டியும் எதற்கு என்று நான் கேட்கவில்லை.

“பாஸ், கொஞ்சம்...”

“நீ கதைக்காத. அங்கால போ.”

மழுங்கிய தலையில் ஒரு உளியைச் சாய்த்து வைத்து, சுத்தியலால் ஒரு தட்டு. இன்னொரு தட்டு. ஸ்க்ரூ நகர்ந்தது. குறட்டால் பிடித்துத் திருகி என் உள்ளங்கையில் போட்டார்.

ஹாஜியாரின் பெட்டியைப் பூட்டினார்கள். வேலை முடிந்தது என்று நினைத்து நான் அல்ஹம்துலில்லாஹ் சொன்னேன். யோகராசா இல்லை என்றார். ஸ்க்ரூ போகிற துளை கொஞ்சம் நீளமானது. பெட்டியை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒரு நூலளவு திருப்பலாம். கால் எடுத்திருக்கிறதா, வைத்திருக்கிறதா என்று பெட்டிக்கு விளங்குகிற சரியான இடத்தில் நிறுத்தி இறுக்க வேண்டும். அதற்கு மூடியின் கீழே மெல்லிய தகடு ஒன்றை வைத்து அளக்க வேண்டும்.

“தகடா?” என்றார் பாஸ். தன் ஆயுதப் பெட்டிக்குள் கைவிட்டு, விசிறி மாதிரி விரிகிற தகட்டுக் கட்டை எடுத்தார். பிளக் இடைவெளி பார்க்கிற தகடுகள். “எந்த மொத்தம் வேணும்?”

பாஸ் தகட்டைச் செருகிவிட்டுப் பெட்டியைத் திருப்பினார். யோகராசா மீட்டரைப் பார்த்துச் சொல்லிக்கொண்டிருந்தார்.

“இப்ப?”

“இல்ல. கொஞ்சம் இஞ்சால.”

“இப்ப?”

“கூடிட்டு. பொறுங்க... ஆ. அசைய வேணாம். இறுக்குங்க பாஸ்.”

என் பங்கு வாயை மூடிக்கொண்டு நிற்பது. இந்தக் கதை முழுவதிலும் நான் செய்த கடினமான வேலை அதுதான்.

எஞ்சினை ஸ்டார்ட் பண்ணினோம். நித்திரை கொள்கிற பிள்ளை மாதிரி சீராக மூச்சு விட்டது. மஞ்சள் லைட் அணைந்திருந்தது. தெருவில் இறக்கி, மாப்பிள்ளை வேகத்துக்குக் கொண்டு வந்தேன்.

கார் குலுங்கியது.

“முடிஞ்சு! எல்லாம் முடிஞ்சு!” என்று கத்தினேன். பக்கத்து ஆசனத்தில் மீட்டரை மடியில் வைத்துக்கொண்டிருந்த யோகராசா என் காலைக் குனிந்து பார்த்தார்.

“காக்கா, முள் நேராத்தான் நிக்குது. ஆடுறது உங்கட முழங்கால்.”

அதற்கு மாற்றுச் சாமான் சம்மாந்துறையிலும் இல்லை. பழக வேண்டும் என்று பாஸ் தீர்ப்பளித்தார். பொழுது சாய, மஃரிபுக்கு இன்னும் நேரம் இருந்தது. பாஸ் குடையை விரித்துக்கொண்டு காருக்கு முன்னால் கம்பீரமாக நடந்தார்; நான் அவர் செருப்பைப் பார்த்துக்கொண்டு பின்னால் ஊர்ந்தேன். கடற்கரை வீதியில் ஆறு தடவை. மீன் வாங்க வந்த பெண்கள் நின்று பார்த்தார்கள்.

“உதுமான் காக்கா, எந்த வீட்டுக்கு மாப்புள்ள போறீங்க?”

“ஒண்ட ஊட்டுக்குத்தான்டி, படலயத் துற!”

ஐந்தாவது தடவை முழங்கால் நின்றது. ஆறாவது தடவை பாஸ் திரும்பிப் பார்த்தார். கார் பின்னால் வருகிறதா என்று அவருக்குச் சந்தேகம் வந்துவிட்டது. மூச்சை அடக்கி வைத்திருந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை

மாப்பிள்ளை பின் ஆசனத்தில் இருந்தார். பக்கத்தில் ஹாஜியார். சென்றி வந்தது. பீப்பாய்கள் வந்தன. ஒன்றைச் சுற்றினேன், இரண்டாவதைச் சுற்றினேன். கார் எண்ணெயில் போவது போல் போனது. ஒரு சிப்பாய் குனிந்து மாலையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், தன் இரண்டு கைகளையும் உயர்த்திக் காட்டிச் சிரித்தார். நான் ஸ்டியரிங்கிலிருந்து ஒரு விரலைக்கூட எடுக்கவில்லை.

எங்கள் தெரு முனையில் கூட வந்த வண்டிகளிலிருந்து ஆட்கள் இறங்கி முன்னால் நடக்கத் தொடங்கினார்கள். பைத் எழுந்தது. அசையாமல் கால் வைத்திருந்தேன். வலது பக்கம் இல்லை, இடது பக்கம் இல்லை. எனக்கு உலகத்தில் தெரிந்தது முன்னால் நடந்த செருப்புகள் மட்டும்தான். எங்கேயோ பெண்கள் குரவையிட்டார்கள். நல்லது, இடட்டும் என்று நினைத்துக்கொண்டேன்.

கலியாண நாளில் மாப்பிள்ளை வாய் திறக்காமல் இருப்பதுதான் எங்கள் பக்கத்து மரியாதை. அவர் பொறுத்துப் பார்த்துவிட்டு, மெல்லக் குனிந்தார்.

“மாமா... ஊடு பொறத்தால போகுது.”

கண்ணாடியில் பார்த்தேன். பந்தல், வாழை மரம், குரவையிட்ட பெண்கள், கையைத் தலையில் வைத்துக்கொண்டு நிற்கும் பரீதா, எல்லாரும் எனக்குப் பின்னால் போய்க்கொண்டிருந்தார்கள். என் முன்னால் நடந்த செருப்புகள் மாப்பிள்ளை ஊர்வலத்துடையவை அல்ல. கடைக்குப் போகிற யாரோ இரண்டு பேருடையவை.

ரிவர்ஸில் போடக் கையை வைத்தேன். பக்கத்து வீட்டு மாமி மதிலுக்கு மேலால் அலறினார்.

“மாப்புள்ளயப் பின்னுக்கு எடுக்கப்படாது! சுத்திட்டு வா!”

சுற்றினேன். பள்ளிவாசல் ஒழுங்கை, சந்தைப் பக்கம், மறுபடி தெரு முனை. பைத் பாடியவர்கள் ஓடி வந்து மூச்சிரைக்க மறுபடி முன்னால் சேர்ந்தார்கள். ஹாஜியாரின் வயிறு சிரிப்பில் குலுங்கிக்கொண்டிருந்தது. கார் குலுங்கவில்லை. அத்தனை தூரமும் நடை வேகம், ஒரு விக்கல் இல்லை. இந்தத் தடவை பரீதா தெரு நடுவில் வந்து நின்று, இரண்டு கைகளையும் விரித்து என்னை நிறுத்தினாள்.

“எங்க காக்கா கொண்டு போறீங்க எங்கட மாப்புள்ளய?”

அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். கண் நனைந்திருந்தது. இரண்டு வருடத்தில் அவள் சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

சாப்பாடெல்லாம் முடிந்த பிறகு நஸ்லியா என்னை உள்ளே கூப்பிட்டனுப்பினாள். சரிகை பாரத்தில் கழுத்தைத் திருப்ப முடியாமல் உட்கார்ந்திருந்தாள். மன்னிப்புக் கேட்பதற்கு முன்னால் ஒரு பகிடி சொல்லலாம் என்று ஒன்றைத் தயாராக்கிக்கொண்டு போனேன்.

“நான் காரட சத்தத்தக் கேட்டுக்கிட்டிருந்தன் மாமா,” என்றாள். “ரெண்டு தரமும்.”

“மகள், அது என்னெண்டா...”

“வாப்பா இருந்திருந்தாலும் ஒருக்காத்தான் கொண்டு வந்திருப்பார்.”

கார்ச் சாவி கையிலேயே இருந்தது. அதை அவள் உள்ளங்கையில் வைத்து, மருதாணி விரல்களை மடக்கிவிட்டு, வெளியே வந்து செருப்பைத் தேடினேன்.